நிலைக்கு மேல் வைத்த சாவி

போன வருடம் ஜூன் மாதம், ஒரு சனிக்கிழமை ராத்திரி நீலகிரிப் பந்தலூரில் இருக்கும் அக்கா வீட்டில் இருந்து போன் வந்தது. நம்பர் அக்காவுடையது, குரல் சின்னவனுடையது. "மாமா, எல்லா கேமுக்கும் பூட்டுப் போட்டுட்டாங்க."

யார் போட்டது, என்ன பூட்டு என்று ஒன்றும் புரியவில்லை. டிவியைப் படம் பிடித்து அனுப்பச் சொன்னேன். அங்கே 4ஜி ஒரு கோடு, இரண்டு கோடு என்று ஊசலாடும். படம் வந்து சேர்வதற்குள் நான் சாப்பிட்டு முடித்துவிட்டேன். பார்த்தால், அவன் சொன்னது அப்படியே உண்மை. வரிசையாக நிற்கும் கேம் ஒவ்வொன்றின் பெயருக்குப் பக்கத்திலும் சின்னதாக ஒரு பூட்டுப் படம்.

முன்கதை இதுதான். ஏப்ரல் விடுமுறைக்கு அக்கா மகன்கள் இருவரும் கோத்தகிரியில் என் வீட்டுக்கு வந்து, டிவியில் மாட்டி ஆடும் என் பிஎஸ்4 (பிளேஸ்டேஷன் 4) கேம் மெஷின் முன்னால் ஒரு மாதம் குடியிருந்தார்கள். ஊருக்குத் திரும்பியதும் வீட்டில் சண்டை. மச்சான் கீழே ஒரு வேலையாகப் போயிருந்தபோது பழைய பிஎஸ்4 ஒன்றை வாங்கி வந்துவிட்டார். "60 கேம் ஏத்திக் குடுத்திருக்கான்" என்று அவருக்குப் பெருமை. எனக்கு அப்போதே நெருடியது. அப்போது அடுத்த மாடலான பிஎஸ்5-க்குப் புதிதாக வந்த பெரிய கேம் ஒன்று 4,999 ரூபாய் விற்றது. பழைய பிஎஸ்4 கேம்களைத் தள்ளுபடியில் வாங்கினாலும் 60 கேமுக்கு எவ்வளவு ஆகும் என்று ஃபேக்டரியில் கணக்கு எழுதும் எனக்குத் தெரியாதா? ஆனால் மச்சானிடம் யார் சொல்வது.

விற்றவனைப் பிடித்துப் பேசினேன். "அக்கவுண்ட் ரினியூவல் பண்ணணும் தம்பி, 1,500 ஆகும்" என்றான். அப்படி ஒரு ரினியூவலே கிடையாது. தன் அக்கவுண்டை இந்த மெஷினில் போட்டு விற்றிருக்கிறான். அடுத்த ஆள் வந்ததும் அதே அக்கவுண்டை அங்கே மாற்றிவிட்டான். பாஸ்வேர்டு அவனிடம், கேம்களும் அவனுடையவை. மச்சான் காசு கொடுத்து வாங்கியது வெறும் டப்பா மட்டும்தான்.

சரி, என்னிடம் முறையாக வாங்கிய கேம் முப்பதுக்கு மேல் இருக்கிறதே, அதைப் பிள்ளைகளோடு பங்கிட்டுக்கொள்ளலாம் என்று இறங்கினேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை வேலை என்று நினைத்தேன். ஜனவரி வரை இழுத்தது.

இரண்டு சாவி

செய்த வேலைக்குள் போவதற்கு முன், எனக்கே பல நாள் பிடிபடாத ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். பிளேஸ்டேஷனில் டிஜிட்டலாக, அதாவது சிடி இல்லாமல் நெட்டில் வாங்கி இறக்கும் கேமுக்கு இரண்டு சாவி உண்டு.

ஒன்று, மெஷினோடு இருக்கும் சாவி. ஒரு அக்கவுண்டுக்கு ஒரு பிஎஸ்4-ஐ 'பிரைமரி' என்று அறிவிக்கலாம். அந்த மெஷினில் யார் எந்தப் பெயரில் லாகின் செய்தாலும் உங்கள் கேம் திறக்கும். நெட் இல்லாவிட்டாலும் திறக்கும். கிராமத்தில் கதவைப் பூட்டிச் சாவியை நிலைக்கு மேல் வைத்துவிட்டுப் போவோமே, அதே ஏற்பாடு. வீட்டுக்குள் புழங்கும் எல்லோருக்கும் சாவி இருக்கும் இடம் தெரியும்.

மற்றது இடுப்பில் செருகிய சாவி. பிரைமரி அல்லாத மெஷினிலும் நீங்கள் உங்கள் அக்கவுண்டில் லாகின் செய்து உங்கள் கேமை ஆடலாம். ஆனால் கேமைத் திறக்கும்போது "இவர் இன்னார்தானா, இது இவர் வாங்கியதுதானா" என்று மெஷின் நெட்டில் போய்க் கேட்டுக்கொள்ளும். நெட் இல்லையென்றால் பூட்டு.

இந்த இரண்டு சாவியும் ஒரே நேரத்தில் வேலை செய்யும் என்பதுதான் பங்கிடுவதன் சூட்சுமம். பிரைமரி மெஷினில் பிள்ளைகள் தங்கள் பெயரில் ஆட, இன்னொரு மெஷினில் நான் என் பெயரில் அதே கேமை ஆடலாம். ஒரு பிரதிதான், ஆட்டம் இரண்டு வீட்டில். இரண்டு பேரும் சேர்ந்து ஆன்லைனில் ஒரே ஆட்டத்தில் கூட இறங்கலாம்.

நான் செய்த முதல் தப்பு இங்கேதான். அக்கவுண்ட் என்னுடையது, ஆகவே பிரைமரியும் என் மெஷின்தான் என்று எடுத்துக்கொண்டேன். பந்தலூர் மெஷினை முழுதாக அழித்துப் புதுசாக்கி, அதில் என் அக்கவுண்டைப் போட்டு, "இதுலயே ஆடுங்கடா" என்று கொடுத்துவிட்டு வந்தேன். அதாவது இடுப்புச் சாவியைப் பிள்ளைகள் கையில் கொடுத்துவிட்டேன்.

முதல் வாரமே இரண்டு தொல்லை. நான் ராத்திரி வேலை முடிந்து வந்து லாகின் செய்தால் அங்கே பெரியவன் வெளியே தள்ளப்படுவான். அவன் திரும்ப உள்ளே வந்தால் இங்கே நான் வெளியே. ஒரே அக்கவுண்ட் ஒரே நேரத்தில் இரண்டு பிஎஸ்4-இல் நிற்காது. "மாமா, நீங்க தூங்குங்க" என்று மெசேஜ் வரும்.

இரண்டாவது தொல்லை, மழை. நீலகிரியை வெளியூர்க்காரர்கள் ஒரே குளிர் ஊராக நினைக்கிறார்கள். எங்களுக்கு அது இரண்டு ஊர். ஜூன், ஜூலையில் தென்மேற்குப் பருவமழை கூடலூர், தேவாலா, பந்தலூர் பக்கம் வெளுத்து வாங்கும். அந்த நேரத்தில் கோத்தகிரியில் தூறலோடு சரி. ஐப்பசி, கார்த்திகையில் வடகிழக்குப் பருவமழை குன்னூர், கோத்தகிரி பக்கம் மண்ணைச் சரிக்கும், பந்தலூர்க்காரர்கள் துணி காயப்போடுவார்கள். ஜூலை முதல் வாரம் அங்கே மரம் விழுந்து கரண்ட் போனது. கரண்ட் வந்த பிறகும் செல்போன் டவர் எழுந்திருக்கவில்லை. பள்ளிக்கும் லீவு. கரண்ட் இருக்கிறது, டிவி இருக்கிறது, மெஷின் இருக்கிறது, கேம் இருக்கிறது, பூட்டும் இருக்கிறது.

அப்போதுதான் மண்டையில் உறைத்தது. பிரைமரி என்பது சொந்தக்காரனுக்கான மரியாதை இல்லை. நெட் மோசமாக இருக்கும் வீட்டுக்குத்தான் அது போக வேண்டும். என் வீட்டில் ஃபைபர் இருக்கிறது. இடுப்புச் சாவி எனக்குப் போதும். நிலைக்கு மேல் வைக்க வேண்டியது பந்தலூர் வீட்டில்.

பஸ்ஸில் அவசரப்பட்டது

ஜூலை 8, கோத்தகிரியில் இருந்து ஊட்டி, ஊட்டியில் இருந்து பைக்காரா, நடுவட்டம் வழியாகக் கூடலூர், அங்கிருந்து நாடுகாணி ஏறிப் பந்தலூர். மூன்று பஸ். நனைந்த செருப்போடு போய்ச் சேர்ந்தபோது மதியம் தாண்டிவிட்டது. அன்று நல்லவேளையாக டவர் உயிரோடு இருந்தது.

செட்டிங்ஸ், அக்கவுண்ட் மேனேஜ்மெண்ட், 'ஆக்டிவேட் ஆஸ் யுவர் பிரைமரி பிஎஸ்4'. அழுத்தினால், வேறொரு மெஷின் ஏற்கெனவே பிரைமரியாக இருக்கிறது என்கிறது. ஆமாம், என் வீட்டு மெஷின். அதை அங்கேயே, அதே மெனுவில் 'டீஆக்டிவேட்' கொடுத்துவிட்டுக் கிளம்பியிருக்க வேண்டும். ஒரு நிமிட வேலை. மறந்துவிட்டேன்.

வேறு வழி இருக்கிறது. போனில் பிளேஸ்டேஷன் தளத்தில் நம் அக்கவுண்டுக்குள் போய், எல்லா மெஷினையும் ஒரே அடியாக விலக்கிவிடலாம். செய்தேன். உடனே பந்தலூர் மெஷின் பிரைமரி ஆனது. ஆனால் இந்த வசதியை ஆறு மாதத்துக்கு ஒரு முறைதான் பயன்படுத்தலாம் என்று அங்கேயே எழுதியிருந்தது. "இனிமே எதுக்குத் தேவைப்படப் போகுது" என்று சொல்லிக்கொண்டே அழுத்தினேன். அதை மச்சானும் கேட்டார், இன்றுவரை சொல்லிக் காட்டுகிறார்.

அன்று சாயங்காலம் செய்த மற்ற வேலைகள். என் அக்கவுண்ட் அந்த மெஷினில் இருந்தாக வேண்டும், ஆனால் யாரும் அதற்குள் போகக் கூடாது. லாகின் செட்டிங்ஸில் நான்கு இலக்கப் பாஸ்கோடு போட்டேன். பிளேஸ்டேஷன் ஆன்லைன் கடையில் எதை வாங்கினாலும் பாஸ்வேர்டு கேட்கும்படி செய்தேன். பிள்ளைகளுக்குத் தனித்தனி அக்கவுண்ட். இருவரும் 18 வயதுக்குக் கீழே என்பதால், பெரியவர் ஒருவரின் குடும்பக் கணக்குக்குள் சிறுவர் அக்கவுண்டாகத்தான் திறக்க வேண்டும். பலரும் குழம்பும் இடம் இது. குடும்பத்தில் சேர்த்துவிட்டால் கேம்களும் தானாகப் பங்காகிவிடும் என்று நினைக்கிறார்கள். பிளேஸ்டேஷனில் அப்படி இல்லை. குடும்பக் கணக்கு கண்காணிப்புக்கு. எத்தனை மணி நேரம் ஆடலாம், எந்த வயதுக்கான கேம் திறக்கலாம், எவ்வளவு செலவழிக்கலாம், அவ்வளவுதான். பங்கிடுவது பிரைமரி மெஷின் வழியாகத்தான்.

அந்த வயது வரம்பே அன்று ராத்திரி என் காலை வாரியது. எல்லாம் முடிந்து கிரிக்கெட் திறந்தது, கார் ரேஸ் திறந்தது. பெரியவனுக்கு வேண்டிய சண்டை கேம் மட்டும் திறக்கவில்லை. லைசென்ஸ் (கேமைத் திறக்கும் உரிமை) கோளாறு என்று நினைத்து 'ரீஸ்டோர் லைசென்ஸஸ்' இரண்டு முறை ஓட்டினேன். வேறு எங்காவது பூட்டு வந்தால் முதலில் அதைத்தான் செய்ய வேண்டும், பெரும்பாலும் சரியாகிவிடும். இங்கே சரியாகவில்லை. அரைமணி நேரம் கழித்துத்தான் பிடிபட்டது, அவனுக்கு நானே போட்ட வயது வரம்பைவிட அந்த கேமுக்குக் குறித்த வயது அதிகம். அக்காவிடம் கேட்டேன். "அப்படியே இருக்கட்டும்" என்றாள். பெரியவன் என்னைப் பார்த்த பார்வையை மறக்க முடியாது.

காதுகுத்து வீடியோ

சாவி சரியாகிவிட்டது, சாமான் எப்படிப் போய்ச் சேர்வது? ஒரு கேம் 40, 50 ஜிபி இருக்கும், சிலது 100-ஐத் தொடும். பந்தலூர் 4ஜியில் தினசரி அளவை வைத்து இறக்கினால் தேயிலைக் கவாத்து முடிந்து மறுகொழுந்து வந்துவிடும்.

பிஎஸ்4-இல் வெளி ஹார்ட் டிஸ்க் போடலாம். 2017-இல் வந்த 4.50 அப்டேட்டில் இருந்து இந்த வசதி இருக்கிறது. யுஎஸ்பி 3.0 ஆக இருக்க வேண்டும், குறைந்தது 250 ஜிபி, அதிகம் 8 டிபி. முக்கியமான விஷயம், அந்த டிஸ்க்கைக் கழற்றி இன்னொரு பிஎஸ்4-இல் மாட்டினால் கேம்கள் அப்படியே தெரியும், லைசென்ஸ் மட்டும் இருந்தால் போதும். அந்த லைசென்ஸ்தான் பிரைமரி வழியாக அங்கே இருக்கிறதே. நான் இங்கே ஃபைபரில் இறக்கி, டிஸ்க்கை பஸ் ஏற்றிவிட்டால் முடிந்தது.

அக்கா வீட்டில் சும்மா கிடக்கிறது என்று 1 டிபி டிஸ்க் ஒன்றை எடுத்து வந்திருந்தேன். என் மெஷினில் மாட்டினேன். ஃபார்மட் செய்ய வேண்டும், உள்ளே இருப்பதெல்லாம் அழியும் என்று எச்சரித்தது. இந்த மாதிரி எச்சரிக்கையை யார் படிக்கிறார்கள்? ஓகே. பத்து நொடி. சின்னவனுடைய காதுகுத்து வீடியோ, அக்கா கல்யாண ஆல்பத்தின் ஸ்கேன், மச்சானின் பச்சைத் தேயிலைக் கணக்கு மூன்று வருடத்துக்கு, எல்லாம் போய்விட்டன. காதுகுத்து வீடியோவின் இன்னொரு பிரதி கோத்தகிரியில் என் அம்மாவின் பீரோவில் டிவிடியாக இருந்ததால் நான் இன்னும் அந்த வீட்டுப் படி ஏறுகிறேன். மச்சானின் கணக்கை நானே உட்கார்ந்து ரசீதுகளைப் பார்த்துத் திரும்ப ஏற்றிக் கொடுத்தேன். இரண்டு ஞாயிறு போனது.

பிஎஸ்4 ஒரு நேரத்தில் ஒரு வெளி டிஸ்க்கைத்தான் ஏற்கும். அதனால் இன்னொரு டிஸ்க் வாங்கினேன். ஒன்று அங்கே, ஒன்று இங்கே. டிபன் கேரியர் மாதிரி, காலியானது வரும், நிரம்பியது போகும். தூக்கிப் போவது அம்மா. மாதம் ஒரு தடவை மகள் வீட்டுக்குப் போவார். வர்க்கி வாங்கும் தகர டப்பாவில் பழைய மப்ளரைச் சுற்றி டிஸ்க்கை வைத்து, மேலே வர்க்கி பாக்கெட். பஸ்ஸில் மடியை விட்டு இறக்க மாட்டார். "உள்ள என்னம்மா, முட்டையா?" என்று ஒரு கண்டக்டர் கேட்டாராம். "பேரனோட கிரிக்கெட்டு" என்றிருக்கிறார்.

இதில் கற்றுக்கொண்டவை சில. டிஸ்க்கை வெடுக்கென்று பிடுங்கக் கூடாது. செட்டிங்ஸில் டிவைசஸ், யுஎஸ்பி ஸ்டோரேஜ் பக்கம் போய் 'ஸ்டாப் யூசிங்' கொடுத்துவிட்டுத்தான் கழற்ற வேண்டும். இல்லையென்றால் அடுத்த முறை மாட்டும்போது ரிப்பேர் செய்கிறேன் என்று நேரத்தைத் தின்னும். கேம் ஓடும்போது கரண்ட் போனாலும் இதே கதைதான், அதனால் மச்சானிடம் சொல்லி ஒரு 600 விஏ யுபிஎஸ் வாங்க வைத்தேன். ஆடி முடிக்க இல்லை, ஒழுங்காக மூடுவதற்கு. அப்புறம் குளிர். ராத்திரி பஸ்ஸில் வந்த டிஸ்க்கை அடுப்பு எரியும் சூடான வீட்டுக்குள் கொண்டு வந்ததும் மேல் மூடியில் நீர் பூக்கும், கண்ணாடி போட்டவர்களுக்குத் தெரியும். ஒரு மணி நேரம் சும்மா வைத்துவிட்டுப் பிறகு மாட்டுவது நல்லது.

புதிதாக இறக்கிய கேம் சில சமயம் மெஷினின் சிஸ்டம் சாஃப்ட்வேர் பழசு என்று சொல்லித் திறக்க மறுக்கும். அதற்கும் நெட் தேவையில்லை. பென்டிரைவில் பிஎஸ்4 என்று ஒரு ஃபோல்டர், அதற்குள் அப்டேட் என்று ஒரு ஃபோல்டர், இரண்டும் ஆங்கிலப் பெரிய எழுத்தில். பிளேஸ்டேஷன் தளத்தில் இறக்கிய அப்டேட் ஃபைலைப் பெயர் மாற்றாமல் அதற்குள் போட்டு அனுப்பினால், அவர்களே அங்கே ஏற்றிக்கொள்வார்கள். பெரியவன் இரண்டாவது தடவையில் கற்றுக்கொண்டுவிட்டான்.

"சிடியா வாங்கியிருந்தா இந்தத் தலைவலியே இல்லையே" என்று மச்சான் ஒரு நாள் கேட்டார். அவர் சொல்வதில் நியாயம் இருக்கிறது. 2013-இல் பிஎஸ்4-உம் அதற்குப் போட்டியான மைக்ரோசாஃப்டின் எக்ஸ்பாக்ஸ் ஒன்னும் அறிமுகமான சமயம், மைக்ரோசாஃப்ட் டிஸ்க் கேமுக்கும் ஆன்லைன் சரிபார்ப்பு வேண்டும் என்று சொல்லி வாங்கிக் கட்டிக்கொண்டது. அந்த நேரம் பார்த்து பிளேஸ்டேஷன் கம்பெனியான சோனி ஒரு குட்டி வீடியோ விட்டது. பிஎஸ்4 கேமை நண்பனோடு பங்கிடுவது எப்படி? ஒருவர் டிஸ்க்கை நீட்டுகிறார், மற்றவர் வாங்கிக்கொள்கிறார். முடிந்தது வீடியோ. அதே ஜூன் மாதத்திலேயே மைக்ரோசாஃப்ட் திட்டத்தைக் கைவிட்டது. டிஸ்க்கில் பூட்டு இல்லை, ஆனால் ஒரு நேரத்தில் ஒரு வீட்டில்தான் ஆடலாம். என் அக்காவுக்கு இரண்டு மகன்கள், எனக்கு ஒரு பைத்தியம். டிஜிட்டல்தான் கட்டுப்படியாகிறது.

மற்றக் கம்பெனிகள் எப்படி என்று கேட்பவர்களுக்கு: எக்ஸ்பாக்ஸில் இதே ஏற்பாடுதான், பெயர் 'ஹோம் எக்ஸ்பாக்ஸ்', வருடத்துக்கு ஐந்து முறை மாற்றலாம். கம்ப்யூட்டரில் கேம் விற்கும் ஸ்டீம் தளம் 2024 செப்டம்பரில் குடும்பத் திட்டத்தை முழுதாகத் திறந்தது, ஆறு பேர் வரை. நிண்டெண்டோவில் 2025-இல் இருந்து கேமைக் குடும்பத்துக்குள் இரண்டு வாரக் கடனாகக் கொடுக்கலாம், ஆனால் கொடுக்கும்போது இரண்டு மெஷினும் பக்கத்தில் பக்கத்தில் இருக்க வேண்டும். கோத்தகிரிக்கும் பந்தலூருக்கும் அது கதைக்கு ஆகாது.

சொந்தக்காரனுக்குப் பூட்டு

நவம்பரில் எங்கள் முறை வந்தது. மூன்று நாள் விடாத மழை. மேட்டுப்பாளையம் சாலையில் மண் சரிந்தது, கூடவே ஃபைபர் கம்பியும் போனது. மறுநாள் கரண்ட் வந்துவிட்டது, நெட் வரவில்லை. ஃபேக்டரிக்கும் லீவு. ரஜாயைப் போர்த்திக்கொண்டு, ஒரு டம்ளர் டீயோடு மெஷினைப் போட்டேன். பூட்டு. நான் காசு கொடுத்து வாங்கிய முப்பது கேமும் எனக்குத் திறக்காது. பந்தலூரில் நல்ல வெயில், பிள்ளைகள் என் கேமை ஆடிக்கொண்டிருக்கிறார்கள்.

அக்காவுக்குப் போன் செய்து புலம்பினேன். "நல்லா வேணும், காதுகுத்து வீடியோவை அழிச்சல்ல" என்றாள்.

அப்புறம்தான் யோசித்தேன். மெஷின் நெட்டில் கேட்பது ஒரு சின்னக் கேள்வி, அதற்கு ஃபைபர் எதற்கு? போனின் ஹாட்ஸ்பாட் போதும். வீட்டில் சிக்னல் வரும் ஒரே இடம் சமையலறை ஜன்னல் திட்டு. போனை அங்கே ஊறுகாய் ஜாடி மேல் சாய்த்து வைத்து, மெஷினை அதோடு இணைத்தேன். ஒரு கோடுதான் சிக்னல். கேம் திறந்தது. டேட்டாவும் பெரிதாகச் செலவாகவில்லை. தானியங்கி அப்டேட்டை மட்டும் முதலில் அணைத்துவிட வேண்டும், இல்லையென்றால் அது ஓசைப்படாமல் உங்கள் டேட்டாவைக் குடித்துவிடும்.

கரப்பான்

டிசம்பர் இரண்டாம் வாரம் பந்தலூர் மெஷின் உயிரை விட்டது. பட்டனை அழுத்தினால் நீல விளக்கு ஒரு நொடி எரிந்து அணைந்தது. கூடலூரில் ஒரு மெக்கானிக்கிடம் எடுத்துப் போனோம். மூடியைத் திறந்து, டார்ச் அடித்து, எங்களைக் கூப்பிட்டுக் காட்டினார். உள்ளே கரப்பான் பூச்சிக் குடும்பம் ஒன்று பரம்பரையாக வாழ்ந்திருக்கிறது. குளிர் ஊரில் வெதுவெதுப்பாக இருக்கும் இடம் அது ஒன்றுதான், அவற்றைச் சொல்லிக் குற்றமில்லை. மின்விசிறிக்குப் பக்கத்தில் மிளகு கொட்டியதுபோல எச்சம். பவர் சப்ளை கருகியிருந்தது. அதை மாற்றிப் பார்த்தார், எழுந்திருக்கவில்லை. மெயின் போர்டும் போய்விட்டிருந்தது.

பவர் சப்ளை மட்டும் மாற்றி ஓடியிருந்தால் அது அதே மெஷின், பிரைமரியும் அப்படியே இருந்திருக்கும். போர்டு போனதால் நான் பிரைமரி சாவியை வைத்திருந்த வீடே இடிந்துவிட்டது, சாவி மட்டும் அங்கே மாட்டிக்கொண்டது. செத்த மெஷினில் 'டீஆக்டிவேட்' அழுத்த முடியாது. தளத்தில் போய் விலக்கலாம் என்று பார்த்தால், கடைசியாக விலக்கி ஆறு மாதம் ஆகவில்லை. ஜூலை 8. கை விட்டு எண்ணினேன், ஜனவரி 8. மச்சான் எதுவும் சொல்லவில்லை, சிரித்தார்.

கேம்கள் வெளி டிஸ்க்கில் இருந்ததால் பத்திரம். ஆனால் ஆடிச் சேர்த்த சேவ், அதாவது ஆட்டம் எதுவரை வந்தது என்ற பதிவு எல்லாம் மெஷினின் உள் டிஸ்க்கில்தான் இருக்கும், வெளி டிஸ்க்குக்குப் போகாது. அது எனக்குத் தெரியும், சொல்லத் தோன்றவில்லை. உள் டிஸ்க்கைக் கழற்றி வேறு பிஎஸ்4-இல் போட்டாலும் படிக்காது. சின்னவன் கிரிக்கெட்டில் ஒரு சீசன் முழுக்க ஆடி வைத்திருந்தான். அழவில்லை. கொஞ்ச நேரம் கழித்து, "184 நாட் அவுட் மாமா" என்று மட்டும் சொன்னான். இப்போது மாதக் கடைசியில் பென்டிரைவில் சேவ் ஃபைலை நகலெடுக்கிறார்கள். பிஎஸ்4-இல் அது முடியும். பிஎஸ்5 கேம்களின் சேவ் ஃபைலைப் பென்டிரைவில் எடுக்க முடியாது, பிளேஸ்டேஷன் பிளஸ் சந்தா கட்டிக் கிளவுடில்தான் வைக்க வேண்டும்.

அந்த மாதம் போனஸ் பணம் கையில் இருந்தது. மனசைக் கல்லாக்கிக்கொண்டு பிஎஸ்5 வாங்கினேன், என் பிஎஸ்4-ஐப் பந்தலூருக்கு அனுப்பினேன். அரையாண்டு லீவு முழுக்க அது அங்கே பிரைமரி இல்லாமல்தான் ஓடியது. அதாவது, என் பாஸ்கோடைப் பெரியவனிடம் கொடுத்து, மச்சான் போன் ஹாட்ஸ்பாட்டில் என் பெயரில் ஆடினார்கள். முதல் லாகினுக்கு இரண்டடுக்குச் சரிபார்ப்பு எண் என் போனுக்கு வந்தது. நான் ஃபேக்டரியில் ஏலக் கணக்கில் இருந்தேன், போன் மேஜை டிராயரில். பதினோரு மிஸ்டு கால். இந்த மாதிரி நேரத்துக்காகவே மாற்று எண்களின் பட்டியல் ஒன்றை அக்கவுண்டில் எடுத்து வைத்துக்கொள்ளலாம். அதை அன்றே அச்செடுத்து அக்காவிடம் அனுப்பினேன். அரிசி டப்பாவில் இருக்கிறது.

இந்தப் பிஎஸ்5 வாங்கியதில் எதிர்பாராத லாபம் ஒன்று. ஒரு அக்கவுண்டுக்குப் பிரைமரி பிஎஸ்4 ஒன்று, அதுபோகப் பிஎஸ்5 ஒன்றுக்குத் தனி இடம். அங்கே அதற்குப் பெயர் 'கன்சோல் ஷேரிங் அண்ட் ஆஃப்லைன் பிளே'. ஒன்று மற்றதைத் தள்ளாது. ஆக இப்போது இரண்டு வீட்டிலும் நிலைக்கு மேல் சாவி. பழைய பிஎஸ்4 கேம்கள் இருக்கும் டிஸ்க்கைப் பிஎஸ்5-இல் மாட்டினால் நேரடியாக ஓடுகின்றன. பிஎஸ்5 கேமை மட்டும் அந்த டிஸ்க்கில் இருந்து ஆட முடியாது, வைத்துக்கொள்ளலாம்.

ஜனவரி 8 காலை ஆறு மணிக்கே தளத்தைத் திறந்து விலக்கினேன். மத்தியானம் அக்கா வீட்டில் பெரியவனே மெனுவுக்குள் போய், நான் போனில் சொல்லச் சொல்ல, என் அக்கவுண்டில் பிரைமரியைப் போட்டான். பிறகு அங்கே போனபோது நான் பாஸ்கோடை மாற்றினேன்.

விஷயம் வெளியே பரவி, ஃபேக்டரியில் கூட வேலை செய்யும் ஒருவர், "உங்க அக்கவுண்டை என் பையனுக்கும் குடுங்க, ஆயிரம் ரூபா தர்றேன்" என்றார். முடியாது என்றேன். பழைய பிஎஸ்4-க்கு ஒன்று, பிஎஸ்5-க்கு ஒன்று, இடம் அவ்வளவுதான். அதோடு அக்கவுண்டைக் காசுக்குக் கைமாற்றுவது விதிப்படி கூடாது. தடை விழுந்தால் முப்பது கேமும் அக்கவுண்டோடு போகும். மச்சானுக்கு மெஷின் விற்ற ஆளின் வேலையை நானே செய்யவா? அவர் பையனுக்கு ஜோடியாக ஆட ஆசை என்று தெரிந்ததால் வேறு வழி சொன்னேன். 'இட் டேக்ஸ் டூ' என்று இருவர் மட்டுமே ஆடும் கேம் ஒன்று 2021-இல் வந்தது. ஒருவர் வாங்கினால் போதும், மற்றவர் 'ஃபிரெண்ட்ஸ் பாஸ்' என்ற இலவசப் பதிப்பை இறக்கிச் சேர்ந்து ஆடலாம். அந்தப் பையனும் எங்கள் பெரியவனும் இப்போது அதைத்தான் ஆடுகிறார்கள், டவர் இருக்கும் நாட்களில்.

செத்த மெஷினின் டப்பாவை மச்சான் தூக்கிப் போடவில்லை. கழுவிக் காயவைத்து, இலை ரசீதுகளை அதற்குள் போட்டு வைத்திருக்கிறார். அம்மா அடுத்த ஞாயிற்றுக்கிழமை கிளம்புகிறார், டிஸ்க்கில் இன்னும் 90 ஜிபி இடம் இருக்கிறது. சின்னவன் புது கிரிக்கெட் கேம் கேட்டிருக்கிறான், இறங்கிக்கொண்டிருக்கிறது.